வாரிசு வேலையும் நீதிமன்றத்தின் அளவுகோலும்

(முன்னாள் மாணவர் சந்திப்பில் ஆற்றிய உரையின் எழுத்து வடிவம்)



சங்கச் செயலாளர் அண்ணன் போனில் அழைத்து, "தம்பி, இந்த வருஷம் நீ பேசணும். சோலார் பத்திப் பேசு, காத்தாடி பத்திப் பேசு, எதுன்னாலும் சரி" என்றார். "வாரிசு வேலை பத்திப் பேசட்டுமாண்ணே?" என்று கேட்டேன். கொஞ்ச நேரம் சத்தமே இல்லை. அப்புறம், "நீ வக்கீலுக்குப் படிக்கலையே?" என்றார். படிக்கவில்லைதான். ஆனால் அரசுத் துறையில் பொறியாளராக இருப்பவனுக்குப் பாலமும் ரோடும் மட்டும் வேலை இல்லை. நம் பிரிவில் ஒரு தொழிலாளி இறந்து போனால், அவர் குடும்பத்தின் மனு முதலில் வந்து விழுகிற மேஜை நம்முடையதுதான். மேலே அனுப்புகிற குறிப்பில் கையெழுத்துப் போடுவதும் நாம்தான். இந்த அரங்கில் இருப்பவர்களில் எத்தனை பேர் மின்வாரியத்திலும், ரயில்வேயிலும், நெடுஞ்சாலையிலும், நகராட்சியிலும் இருக்கிறீர்கள் என்பது எனக்குத் தெரியும். தேர்வுக்குப் படித்துக்கொண்டிருக்கும் தம்பி தங்கைகளும் நாளைக்கு அந்த மேஜைக்கு வரப்போகிறவர்கள்தான்.

இன்னொரு காரணம் நம் மண். கோவில்பட்டி, எட்டயபுரம், விளாத்திகுளம் பக்கம் கரிசல் காட்டை நம்பிப் பிழைக்கிற வீடுகளில், மாதம் பிறந்தால் வருகிற ஒரு அரசுச் சம்பளம் என்பது வானத்தைப் பார்க்க வேண்டியதில்லாத ஒரே வருமானம். ஐப்பசியில் மழை தவறினால் உளுந்தும் பாசியும் போச்சு. மழை வந்தால் காட்டுப்பன்றி வருகிறது, மக்காச்சோளத்தில் புழு வருகிறது. சம்பளக்காரர் ஒருவர் போய்விட்டால் அந்த வீட்டோடு சேர்த்து அவரை அண்டியிருந்த இன்னும் இரண்டு வீடுகளும் ஆடிப்போகும். அதனால்தான் நம் பக்கம் இழவு வீட்டிலேயே, "பையனுக்கு வேலை கிடைக்குமா?" என்கிற பேச்சு ஆரம்பித்துவிடுகிறது. அதைத் தப்பு என்று நான் சொல்ல மாட்டேன்.

இங்கே ஒரு விஷயத்தை முதலில் உடைத்துச் சொல்லிவிட வேண்டும். ஊரில் நாம் 'வாரிசு வேலை' என்கிறோம். சட்டத்தில் அதற்குப் பெயர் 'கருணை அடிப்படையில் பணி நியமனம்'. இரண்டுக்கும் நடுவில் பெரிய பள்ளம் இருக்கிறது. வாரிசு என்றால் உரிமை. அப்பன் நிலம் மகனுக்கு என்பது மாதிரி, அப்பன் வேலை மகனுக்கு என்று நாம் நினைத்துக்கொள்கிறோம். அரசியல் சட்டத்தின் 16-ஆவது பிரிவோ அரசு வேலையில் எல்லாருக்கும் சம வாய்ப்பு என்கிறது. தேர்வு எழுதாமல், வேலைவாய்ப்பகத்தில் காத்திருக்காமல் ஒருவருக்கு வேலை கொடுப்பது அந்தப் பொதுவிதிக்கு ஒரு விலக்கு. ஏன் அந்த விலக்கு? 1994-இல் உமேஷ் குமார் நாக்பால் என்ற ஹரியானா வழக்கில் உச்ச நீதிமன்றம் இதற்குப் பதில் சொன்னது. சம்பாதித்தவர் திடீரென்று போனதால் குடும்பத்துக்கு வந்த நெருக்கடியைத் தாண்ட உதவுவதே நோக்கம். இறந்தவர் வகித்த பதவிக்குச் சமமான பதவி கொடுப்பது நோக்கம் இல்லை. கீழ்நிலைப் பணிகளில் மட்டுமே கொடுக்கலாம். நியாயமான காலம் கடந்த பிறகு கேட்க முடியாது. இன்றைக்கும் எந்தத் தீர்ப்பை எடுத்தாலும் இந்த வழக்கின் பெயர் எங்கேயாவது ஒரு பக்கத்தில் வந்துவிடுகிறது.

சரி, துறை மறுத்துவிட்டால் எங்கே போவது? இதற்கு ஒரு சின்ன வரலாறு இருக்கிறது. அதை நான் கிலோமீட்டர் கணக்கில் சொல்கிறேன், பொறியாளன் புத்தி அப்படி.

ஆதியில் அரசு ஊழியர் வழக்குகள் எல்லாம் உயர் நீதிமன்றத்துக்குப் போயின. அங்கே தேங்கிப் போகிறது என்று 1976-இல் 42-ஆவது திருத்தத்தின் மூலம் 323-ஏ என்ற பிரிவைச் சேர்த்தார்கள். அதன்கீழ் 1985-இல் நிர்வாகத் தீர்ப்பாயச் சட்டம் வந்தது. அந்த ஆண்டு நவம்பரில் மத்திய அரசு ஊழியர்களுக்கான மத்திய நிர்வாகத் தீர்ப்பாயம் தொடங்கியது. தமிழ்நாட்டு அரசு ஊழியர்களுக்கென்று மாநில நிர்வாகத் தீர்ப்பாயம் 1988 டிசம்பரில் சென்னையில் வந்தது. நீதித்துறை உறுப்பினர் ஒருவரும் நிர்வாகத்தில் இருந்து வந்த உறுப்பினர் ஒருவரும் சேர்ந்து உட்காருவார்கள். ஆபீஸ் நடைமுறை தெரிந்தவர் ஒருவர் கூட இருந்தால் சீக்கிரம் முடியும் என்பது எண்ணம். நல்ல எண்ணம்தான். ஆனால் அந்தச் சட்டத்தின் 28-ஆவது பிரிவு உயர் நீதிமன்றத்தின் கதவை அடைத்துவிட்டது. தீர்ப்பாயம் சொன்னது தப்பு என்றால் உச்ச நீதிமன்றம் ஒன்றுதான் வழி.

இதை நம் ஊரில் இருந்து பாருங்கள். 1990-இல் கோவில்பட்டிக்காரம்மா ஒருவருடைய மனுவைத் துறை தள்ளிவிட்டது என்றால், தீர்ப்பாயத்துக்கு 550 கிலோமீட்டருக்கு மேல் போக வேண்டும். அங்கேயும் தள்ளிவிட்டால் சென்னையில் இருந்து இன்னும் 2,000 கிலோமீட்டருக்கு மேல் டெல்லி. தீப்பெட்டி ஆபீஸில் குச்சி அடுக்குகிறவர் டெல்லி வக்கீலைப் பார்க்கிற காரியமா இது? மேல்முறையீடு என்று காகிதத்தில் இருந்தது, அவ்வளவுதான்.

1997 மார்ச் 18-ஆம் தேதி அது மாறியது. எல். சந்திரகுமார் வழக்கில் ஏழு நீதிபதிகள் கொண்ட அரசியல் சட்ட அமர்வு, உயர் நீதிமன்றத்தின் சீராய்வு அதிகாரம் அரசியல் சட்டத்தின் அடிப்படைக் கட்டமைப்பைச் சேர்ந்தது, அதை நாடாளுமன்றம்கூடப் பறிக்க முடியாது என்று சொன்னது. தீர்ப்பாயங்கள் முதல் நிலை நீதிமன்றம் போலத் தொடரலாம். ஆனால் அவற்றின் தீர்ப்பை அந்த எல்லைக்குட்பட்ட உயர் நீதிமன்றத்தில் இரண்டு நீதிபதிகள் கொண்ட அமர்வு சீராய்வு செய்யும். ஆக டெல்லி, சென்னைக்கு வந்தது. 2004 ஜூலையில் மதுரைக் கிளை திறந்தபோது, மாநில அரசு ஊழியர்களைப் பொறுத்தவரை அது சென்னையில் இருந்து நமக்கு 100 கிலோமீட்டர் தூரத்துக்கு வந்துவிட்டது. காலையில் பஸ் ஏறினால் சாயங்காலம் திரும்பிவிடலாம். 2006-இல் மாநிலத் தீர்ப்பாயத்தையே எடுத்துவிட்டார்கள். இன்றைக்கு மாநில அரசு ஊழியர் குடும்பம் நேரடியாக உயர் நீதிமன்றத்துக்கே போகிறது. மத்திய அரசு ஊழியர் குடும்பம், அதாவது ரயில்வே, தபால், வருமான வரி இந்த மாதிரி, மத்தியத் தீர்ப்பாயத்துக்குப் போய், அப்புறம்தான் உயர் நீதிமன்றம்.

தூரம் குறைந்துவிட்டது. ஆனால் உள்ளே போனால் நீதிபதி என்ன பார்ப்பார் என்பதில்தான் நம்மவர்கள் ஏமாந்து போகிறார்கள். நம் கஷ்டத்தைச் சொன்னால் நீதிபதி மனம் இரங்கி வேலை போட்டுக் கொடுப்பார் என்று நினைத்துக்கொண்டு போகிறார்கள். சீராய்வு அப்படிப்பட்டது இல்லை.

நம் தொழிலில் இருந்து ஒரு உதாரணம் சொல்கிறேன். கான்கிரீட் போடும்போது க்யூப் எடுத்து வைக்கிறோம், 28-ஆம் நாள் உடைத்துப் பார்க்கிறோம். தரக்கட்டுப்பாட்டில் இருந்து ஒருவர் வருகிறார். அவர் கரண்டியை வாங்கி நமக்குப் பதிலாகக் கான்கிரீட் போட மாட்டார். இந்தப் பாலத்தை அந்த ஓடையில் கட்டியிருக்கலாமே என்று கேட்க மாட்டார். ரிஜிஸ்டரை வாங்கிப் பார்ப்பார். சொன்ன விகிதம் போட்டார்களா, தண்ணீர் எவ்வளவு ஊற்றினார்கள், க்யூப் எடுத்த தேதி என்ன, கையெழுத்து யாருடையது. அது சரியாக இருந்தால், பாலம் அழகாக இல்லை என்று அவர் எழுத முடியாது. ரிஜிஸ்டரில் ஓட்டை இருந்தால், எவ்வளவு அழகான பாலமாக இருந்தாலும் விட மாட்டார். சீராய்வு கிட்டத்தட்ட இதுதான். அதிகாரி தன் அதிகாரத்துக்குள் இருந்து முடிவெடுத்தாரா, பார்க்க வேண்டியதைப் பார்த்தாரா, பார்க்கக் கூடாததை விட்டாரா, மனுதாரருக்கு ஒரு வாய்ப்புக் கொடுத்தாரா, காரணம் எழுதினாரா. இவ்வளவுதான் கேள்வி. 'நானாக இருந்தால் வேலை கொடுத்திருப்பேன்' என்று நீதிபதி நினைத்தாலும் அதை வைத்து உத்தரவு போட முடியாது.

எல்.ஐ.சி. சம்பந்தப்பட்ட அம்பேகர் வழக்கில், அதுவும் 1994-தான், உச்ச நீதிமன்றம் இதைக் கொஞ்சம் கடுமையாகவே சொன்னது. உயர் நீதிமன்றங்களும் நிர்வாகத் தீர்ப்பாயங்களும் அனுதாபத்தின் பேரில் வரம் கொடுக்க உட்காரவில்லை என்பதுதான் அதன் சாரம். அதற்கு ஐந்து ஆண்டுகளுக்கு முன் 1989-இல், எல்லைச் சாலைகள் அமைப்பில் வேலை பார்த்து இறந்தவரின் மனைவி சுஷ்மா கோசாயின் வழக்கில் அதே நீதிமன்றம் வேறு சுருதியில் பேசியிருந்தது. அந்த அம்மா 1982-லேயே மனுக் கொடுத்தவர். துறை இழுத்தடித்தது. அதற்குள் அந்த அமைப்பில் பெண்களை நியமிக்கத் தடை வந்துவிட்டது, ஆகவே வேலை இல்லை என்றார்கள். இந்த மாதிரி நியமனத்தில் தாமதமே கூடாது, இடம் இல்லாவிட்டால் கூடுதல் இடம் ஏற்படுத்தியாவது கொடுங்கள் என்று அன்றைக்குச் சொன்னது நீதிமன்றம். இந்த இரண்டு தீர்ப்பையும் பக்கத்தில் வைத்துப் படித்தால் முரண் மாதிரித் தெரியும். எனக்கு அப்படித் தோன்றவில்லை. சுஷ்மா கோசாயின் வழக்கில் ரிஜிஸ்டர் ஓட்டையாக இருந்தது, அதை நீதிமன்றம் பிடித்தது.

மத்திய அரசில் இன்னொரு பூட்டு இருக்கிறது. நேரடி நியமனக் காலியிடங்களில் 5 சதவீதத்துக்கு மேல் கருணை நியமனம் கூடாது. கணக்குப் போட்டுப் பாருங்கள். ஒரு அலுவலகத்தில் அந்த வருஷம் 40 காலியிடம் என்றால் கருணைக்கு 2. மனு 20 வந்திருந்தால் 18 குடும்பம் வெளியே. இந்த வரம்பைத் தளர்த்தி வேலை கொடு என்று தீர்ப்பாயம் சொல்லி, உயர் நீதிமன்றமும் அதை ஏற்றுக்கொண்ட ஒரு வழக்கை (மத்திய அரசு எதிர் ஜோகிந்தர் சர்மா, 2002) உச்ச நீதிமன்றம் ரத்து செய்துவிட்டது. வரம்பைத் தளர்த்துவது அரசின் விருப்பம், தீர்ப்பாயம் கட்டாயப்படுத்த முடியாது என்று.

இனி என் வீட்டுக் கதை ஒன்று. துறையின் பெயர் வேண்டாம், மத்திய அரசுத் துறை என்று வைத்துக்கொள்ளுங்கள்.

என் சித்தப்பா 2006-இல் பணியில் இருக்கும்போதே மாரடைப்பில் போய்விட்டார். தம்பிக்கு அப்போது 12 வயது. சித்தி எட்டாவது வரை படித்தவர். அந்த வேலையைச் சித்தியே கேட்டிருக்கலாம். ஆனால் ஆபீஸில் யாரோ, "நீங்க எதுக்கம்மா அலையுறீங்க, பையன் பெரியவனானதும் வாங்கிக்கலாம், இப்ப ஒரு லெட்டர் மட்டும் எழுதிக் குடுத்துருங்க" என்று சொல்லியிருக்கிறார். நல்ல மனதோடுதான் சொல்லியிருப்பார். சித்தி லெட்டர் கொடுத்துவிட்டு ஆறு வருஷம் தீப்பெட்டி ஆபீஸுக்குப் போனார். அப்போது மத்திய அரசில் மூன்று ஆண்டு வரம்பு இருந்தது, அது யாருக்கும் ஞாபகம் இல்லை. 2012 ஜூலையில் அந்த வரம்பை எடுத்தார்கள். அதே வருஷம் தம்பிக்கு 18. வீட்டில் எல்லாருக்கும் சந்தோஷம். மனுப் போட்டான். அந்த வருஷம் பாலிடெக்னிக்கில் இடம் கிடைத்தது, போகவில்லை. எப்படியும் வேலை வரப்போகிறதே.

2015-இல் ஒரு வரியில் பதில் வந்தது: விதிகளின்படி பரிசீலிக்க இயலாது. எந்த விதி, ஏன் இயலாது, ஒன்றும் இல்லை. மத்தியத் தீர்ப்பாயத்துக்குப் போனோம். 2016-இல் அந்த ஒரு வரியை ரத்து செய்தார்கள். காரணம் எழுதி மறுபடி முடிவெடு என்று திருப்பி அனுப்பினார்கள். அரசுத் தரப்பு வக்கீல் எழுந்து, காரணம் எல்லாம் எங்கள் பதில் மனுவில் இருக்கிறதே என்றார். அது எடுபடவில்லை. உத்தரவில் இல்லாத காரணத்தைப் பின்னால் நீதிமன்றத்தில் கொண்டுவந்து ஒட்ட முடியாது என்பது மொகிந்தர் சிங் கில் என்ற தேர்தல் வழக்கில் 1977-லேயே முடிவான விஷயம். நம் பாஷையில் சொன்னால், க்யூப் எடுக்காமல் விட்டுவிட்டு, இன்ஸ்பெக்டர் வந்த பிறகு ரிஜிஸ்டரில் எழுதிச் சேர்க்கிற வேலை.

அன்றைக்கு நாங்கள் ஜெயித்துவிட்டதாக நினைத்து வீட்டில் பாயசம் வைத்தார்கள். திருப்பி அனுப்புவது வேறு, வேலை கொடுப்பது வேறு என்பது யாருக்கும் புரியவில்லை.

2017-இல் துறையின் கமிட்டி மறுபடி உட்கார்ந்தது. இந்தத் தடவை ஒழுங்காகவே செய்தார்கள். குடும்ப ஓய்வூதியம் எவ்வளவு, கைக்கு வந்த பணம் எவ்வளவு, சொத்து எவ்வளவு, மணமாகாத பெண் பிள்ளைகள் உண்டா, இறந்தவருக்கு இன்னும் எத்தனை வருஷம் சர்வீஸ் பாக்கி என்று ஒவ்வொன்றுக்கும் மதிப்பெண். அந்த வருஷம் இடம் இரண்டு. தம்பி ஐந்தாவது. காரணத்தை இரண்டு பக்கத்துக்கு எழுதி அனுப்பினார்கள்.

அந்த இரண்டு பக்கத்தை நான் வாங்கிப் படித்தேன். சொத்து என்ற கட்டத்தில், 'நிலம் 3 ஏக்கர்' என்று இருந்தது. பக்கத்தில் வழிகாட்டி மதிப்பு. அதற்குத் தக்கபடி மதிப்பெண் குறைந்திருக்கிறது. அண்ணன்மார்களே, 3 ஏக்கர் மானாவாரிக் கரிசல் என்றால் என்ன என்று இந்த அரங்கில் யாருக்கும் நான் சொல்ல வேண்டியதில்லை. கிணறு இல்லை, போர் போட்டால் உப்புத் தண்ணீர். நல்ல வருஷத்தில் விதை, உரம், ஆள் கூலி போக ஒரு மாசச் சம்பளம் மிஞ்சினால் அதிகம். ஆனால் மாநகரத்தில் உட்கார்ந்திருக்கும் கமிட்டிக்கு 3 ஏக்கர் என்றால் 3 ஏக்கர்தான். தாமிரபரணிப் பாசனத்தில் வாழை போட்ட 3 ஏக்கரும் நம் கரிசல் 3 ஏக்கரும் அந்தக் கட்டத்துக்குள் ஒன்றுபோலத்தான் தெரியும். கிராம அடங்கலில் மானாவாரி என்று தெளிவாக இருக்கிறது. சான்றிதழ் எழுதியவர் அந்த ஒரு வார்த்தையை எடுத்து எழுதவில்லை. மனுவிலும் நாங்கள் யாரும் அதைச் சொல்லச் சொல்லவில்லை, வக்கீல் உட்பட.

தீர்ப்பாயம் 2018-இல் தள்ளுபடி செய்தது. உயர் நீதிமன்றத்தில் எங்கள் வக்கீல் முதல்முதலாக மானாவாரி என்று ஆரம்பித்தார். நீதிபதிகள் பொறுமையாகவே கேட்டார்கள். இது கமிட்டி முன்னால் வைக்கப்பட்டதா என்று கேட்டார்கள். இல்லை. அப்படியானால் கமிட்டி பார்க்கத் தவறிவிட்டது என்று எப்படிச் சொல்வது? 2019-இல் அதுவும் முடிந்தது. அந்தத் தீர்ப்பு சட்டப்படி சரி என்பதுதான் என் கருத்து. சித்தியிடம் இதைச் சொல்ல எனக்கு வாய் வரவில்லை, அது வேறு விஷயம். கோப்பில் இல்லாத நிலத்துக்கு நீதிமன்றத்தில் மழை பெய்யாது.

இன்னொன்றும் அந்தக் கோப்பில் இருந்தது. மத்திய அரசின் வழிகாட்டுதல்களில், காலம் கடந்து வருகிற மனுக்களை மிகவும் கவனமாகப் பார்க்க வேண்டும் என்று ஒரு பத்தி உண்டு. இத்தனை வருஷம் குடும்பம் ஓடியிருக்கிறது என்பதே, அவர்களுக்கு ஏதோ ஒரு பிடிமானம் இருந்திருக்கிறது என்பதற்குப் போதுமான அத்தாட்சியாக வழக்கமாக எடுத்துக்கொள்ளப்படும். படிக்கும்போது எனக்குக் கொஞ்சம் கசந்தது. சித்தி ஆறு வருஷம் குச்சி அடுக்கிப் பிள்ளையைக் காப்பாற்றியது, கடைசியில் பிள்ளைக்கு எதிரான சாட்சியாகிவிட்டது. ஆனால் அந்த இரண்டு இடத்துக்கு வந்த மற்ற குடும்பங்களை நினைத்துப் பார்க்கிறேன். போன வருஷம் புருஷன் செத்து, கைக்குழந்தையோடு நிற்கிறவர் ஒருவர் அதில் இருந்திருப்பார். அவரைத் தாண்டி என் தம்பிக்குக் கொடு என்று கேட்க முடியுமா?

தம்பி இப்போது வெல்டிங் பட்டறை வைத்து நன்றாக இருக்கிறான். பாலிடெக்னிக் போயிருந்தால் நன்றாக இருந்திருக்கும் என்று அவனே சொல்வான். வேலை கிடைக்காதது அவனுக்குப் பெரிய நஷ்டம் இல்லை. 18 வயதில் இருந்து 25 வயது வரை காத்திருந்ததுதான் நஷ்டம்.

காலம் என்று வந்தபிறகு சமீபத்திய சில தீர்ப்புகளைச் சொல்லாமல் விட முடியாது. 2022 மே மாதம் ஒடிசாவில் இருந்து வந்த மலையா நந்த சேத்தி வழக்கு. தகப்பனார் இறந்தது 2010-இல். குடும்பம் நேரத்துக்கு மனுக் கொடுத்துவிட்டது, துறைதான் வருஷக்கணக்கில் உட்கார்ந்திருந்தது. அதற்குள் புது விதி வந்துவிட்டது, அதன்படி உனக்குத் தகுதி இல்லை என்றார்கள். உச்ச நீதிமன்றம், தாமதம் உங்களுடையது, பழைய விதிப்படியே கொடு என்றது. முழுமையான மனு வந்த நாளில் இருந்து ஆறு மாதத்துக்குள் முடிவெடுக்க வேண்டும் என்றும் சொன்னது. அந்த 'முழுமையான' என்ற சொல்லைக் கவனியுங்கள். ஒரு சான்றிதழ் குறைந்தால் அந்த ஆறு மாதம் ஓட ஆரம்பிக்காது.

2023 மார்ச்சில் மேற்கு வங்காளத்தில் இருந்து வந்த தேபப்ரதா திவாரி வழக்கில் முடிவு வேறு மாதிரி. மனுக்கள் 2005, 2006-இல் கொடுத்தவை. உயர் நீதிமன்றம் நியமிக்கச் சொல்லியிருந்தது. உச்ச நீதிமன்றம் அதை ரத்து செய்தது. இத்தனை காலம் கழித்து உடனடி நெருக்கடி என்பது இல்லை, மனுதாரர்களும் காலாகாலத்தில் நீதிமன்றத்தை அணுகவில்லை என்று. 2024 நவம்பரில் ஹரியானா காவலர் ஒருவரின் மகன் வழக்கு. தகப்பன் 1997-இல் பணியில் இறந்தபோது பையனுக்கு 7 வயது. பெரியவனாகும் வரைக்கும் அந்த வேலை அவனுக்காகக் காத்திருக்காது என்று முடித்துவிட்டார்கள். அந்தத் தாய் கருணைத் தொகை கேட்டு மனுச் செய்ய மட்டும் வழி விட்டார்கள். எங்கள் வீட்டுக் கதைக்கும் அதற்கும் எவ்வளவு ஒற்றுமை பாருங்கள்.

நம் மாநிலத்திலும் மூன்று ஆண்டு வரம்பு உண்டு. 1995-இல் அரசாணையாக வந்தது, 2023-இல் தமிழ்நாடு அரசு இதற்கென்று தனி விதிகளே வகுத்தபோதும் தொடர்கிறது. இறந்த நாளில் இருந்து மூன்று ஆண்டு. காரியம் முடித்து, இறப்புச் சான்று வாங்கி, தாசில்தார் ஆபீஸில் வாரிசுச் சான்று வாங்கி, அண்ணன் தம்பிக்குள் யாருக்கு என்று பேசி முடிப்பதற்குள் ஒன்றரை வருஷம் ஓடிவிடுகிறது. ஆகவே பிள்ளை சின்னவனாக இருந்தால், மனைவிக்கோ வேறு தகுதியுள்ளவருக்கோ உடனே கேளுங்கள். "பையன் வளரட்டும்" என்று யாராவது சொன்னால், அவர் எவ்வளவு நல்லவராக இருந்தாலும், கேட்காதீர்கள். மணமான பெண் பிள்ளைக்குக் கிடையாது என்று சொல்லித் திருப்பி அனுப்புகிறவர்கள் இன்னும் இருக்கிறார்கள். கர்நாடகத்தில் அப்படி ஒரு விதியை 2020-இல் அங்குள்ள உயர் நீதிமன்றம் செல்லாது என்று சொல்லி, உச்ச நீதிமன்றமும் அடுத்த ஆண்டு அதில் தலையிட மறுத்துவிட்டது. வாயால் சொன்னதைக் கேட்டுத் திரும்பி வராமல், எழுத்தில் பதில் கேளுங்கள். எழுத்தில் வந்த மறுப்பைத்தான் சீராய்வு செய்ய முடியும். வாய்மொழி மறுப்புக்கு எந்த நீதிமன்றத்திலும் கட்டம் இல்லை.

அடுத்தது, மனு மேல் மனு. பதில் வரவில்லையென்றால் மறுபடி மனு, கலெக்டருக்கு மனு, மந்திரிக்கு மனு, முதலமைச்சர் தனிப்பிரிவுக்கு மனு என்று கொடுத்துக்கொண்டே இருக்கிறோம். அதனால் காலம் நீளாது. மத்தியத் தீர்ப்பாயத்துக்குப் போவதென்றால் மறுப்பு வந்த நாளில் இருந்து ஒரு வருஷம். பதிலே வராவிட்டால் ஆறு மாதம் பார்த்துவிட்டு அதன்பின் ஒரு வருஷம். நம் தமிழ்நாட்டில் இருந்தே போன ஒரு வழக்கு உண்டு, கனிமத் துறையைச் சேர்ந்தது, வாரிசு வேலை சம்பந்தப்பட்டது இல்லை, ஆனாலும் பொருந்தும். 1982-இல் வேலை போனவர் 18 வருஷம் கழித்து மனுக் கொடுத்தார். 'பரிசீலிக்கவும்' என்று தீர்ப்பாயம் ஒரு உத்தரவு போட்டது. 2008-இல் உச்ச நீதிமன்றம், செத்துப்போன கோரிக்கைக்குப் 'பரிசீலிக்கவும்' என்ற உத்தரவு உயிர் கொடுக்காது என்கிற பொருளில் சொல்லிவிட்டது. சில வக்கீல்கள் அந்த மாதிரி உத்தரவு ஒன்றை வாங்கிக் கொடுத்து, வழக்கு ஜெயித்தது என்று பீஸ் வாங்கிக்கொள்கிறார்கள். எல்லாரும் இல்லை, சிலர்.

கடைசியாக, மேஜைக்கு இந்தப் பக்கம் இருக்கிற நமக்கு. குறிப்பு எழுதும்போது நாம் எழுதுகிற நான்கு வரிதான் மேலே கமிட்டிக்கும், அதற்கு மேலே தீர்ப்பாயத்துக்கும், அதற்கு மேலே இரண்டு நீதிபதிகளுக்கும் போகிறது. அவர்கள் யாரும் விளாத்திகுளத்துக்கு வந்து அந்தக் காட்டைப் பார்க்கப் போவதில்லை. மானாவாரி என்றால் மானாவாரி என்று எழுதலாம். வீடு ஓட்டு வீடா, பொதுச்சுவர் வீடா, கடன் இருக்கிறதா, படிக்கிற பிள்ளை எந்த வகுப்பு என்று எழுதலாம். இதில் சலுகை ஒன்றும் இல்லை, உள்ளதை உள்ளபடி அளந்து எழுதுவதுதானே நம் தொழில். மண் பரிசோதனை ரிப்போர்ட்டில் 'கரிசல், ஈரத்தில் உப்பும், காய்ந்தால் வெடிக்கும்' என்று எழுதாமல் வெறும் 'மண்' என்று எழுதி அஸ்திவாரம் போடச் சொன்னால் நாம் ஒப்புக்கொள்வோமா? தகுதி இல்லாத மனுவாக இருந்தால் அதையும் காரணத்தோடு, அந்த மாதமே எழுதிவிடலாம். 18 வயதுப் பையன் அடுத்த வேலையைப் பார்த்துக்கொண்டு போவான்.

செயலாளர் அண்ணன் கடிகாரத்தைக் காட்டுகிறார். மதியச் சாப்பாட்டுக்கு அப்புறம் நூலகத்துப் பக்கம் வேப்பமரத்தடியில் இருப்பேன். உங்கள் வீட்டிலோ உங்கள் பிரிவிலோ இப்படி ஒரு மனு இருந்தால், இறந்த தேதி, மனுக் கொடுத்த தேதி, பதில் வந்த தேதி இந்த மூன்றையும் ஒரு தாளில் எழுதிக்கொண்டு வாருங்கள். இன்னும் எத்தனை நாள் பாக்கி இருக்கிறது என்று உட்கார்ந்து கணக்குப் போட்டுவிடலாம். நம் கூடப் படித்த வக்கீல் நண்பர் ஒருவரும் வந்திருக்கிறார், அவரையும் பிடித்து வைத்திருக்கிறேன்.